மிச்சத்தைக் கொட்டுகிறவள்

2046 அக்டோபர் 4, வியாழக்கிழமை காலை 6.50 மணிக்கு, சாத்தூர் வட்டாரத்தில் ஒரு பட்டாசு ஆலையின் ஒன்பதாம் எண் அறை வெடித்தது. நான்கு பேர் இறந்தனர். இரண்டு பெண்கள் தீக்காயங்களுடன் மதுரையில் ஒரு தனியார் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டனர்.

அந்த இருவரில் ஒருத்தி சண்முகக்கனி. நாற்பத்து நான்கு வயது. இருபத்தொரு வருடமாகக் கலவை அறையில் வேலை. வெடிச்சத்தம் கேட்டபோது அவள் ஆலை வாசலில் இருந்தாள். ஓடிப் போய், எரிந்துகொண்டிருந்த ஒருத்தியைக் காலைப் பிடித்து வெளியே இழுத்தாள். அதில் அவளுடைய இடது கை முழங்கை வரை வெந்துபோயிற்று. இழுக்கப்பட்டவள் நாகஜோதி, இருபத்து மூன்று வயது, வெடிக் குழல்களில் கலவை அடைக்கிறவள். முதுகும் இரண்டு தொடைகளும் வலது தோளும் போய்விட்டிருந்தன. உடம்பில் நூற்றுக்கு நாற்பத்தாறு பங்கு என்று அட்டையில் எழுதியிருந்தார்கள். இறந்த நால்வரில் ஒருவன் அவள் புருஷன் பேச்சிமுத்து, அதே அறையில் கலவைத் தட்டுகளை எடுத்துக் கொடுக்கிறவன். கல்யாணமாகிப் பதினொரு மாதம்.

தீக்காயக்காரர்களுக்குக் காயம் பட்ட நாளைவிடக் கட்டுப் பிரிக்கும் நாட்கள்தான் கொடுமை. தினமும் காலை ஒன்பது மணிக்குப் பழைய கட்டைப் பிரித்து, செத்த தோலைச் சுரண்டி எடுத்து, கழுவி, புதுக் கட்டுப் போட வேண்டும். நாகஜோதிக்கு ஒன்றே கால் மணி நேரம் பிடித்தது. முன்பெல்லாம் அதற்கு மார்ஃபின் ஊசி போடுவார்கள். இந்த மருத்துவமனையில் இரண்டு வருடமாக ஊசிக்குப் பதில் ஒரு விளையாட்டு வந்திருந்தது. அது பலிக்காதவர்களுக்கு மட்டும்தான் ஊசி.

விளையாட்டின் பெயர் ‘புதுக்கரை’. கண்ணாடியை மாட்டிக்கொண்டால் ஆளில்லாத ஒரு தீவில் நிற்கலாம். மரம் வெட்டலாம், மண் தோண்டலாம், குடிசை கட்டலாம், ஆடு வளர்க்கலாம். இருட்டினால் ஓநாய் வரும். கடிபட்டால் மேலே வரிசையாக இருக்கிற சிவப்புக் கட்டங்கள் ஒவ்வொன்றாக அணையும். அணைந்த கட்டங்கள் மறுபடி எரிய ஒரே வழி கஷாயம். ஊற்றுநீர், குகையில் விளைகிற கசப்புப் பாசி, பொன்வண்டு இறகுத் தூள் மூன்றையும் அடுப்பு மேடையில் வரிசை தப்பாமல் போட்டுக் காய்ச்ச வேண்டும். சூடு ஏறினால் கருகிவிடும். குறைந்தால் திரிந்துவிடும். சரியாக வந்தால் செம்பருத்தி நிறத்தில் மூன்று குப்பி. வெளியே சிறுபிள்ளைகள் பொழுதுபோக்குக்கு விளையாடுவது இது. வார்டில் அதோடு ஒரு தலைப்பட்டையும் சேர்த்துக் கட்டினார்கள்.

அந்தப் பட்டையைப் பற்றிச் சண்முகக்கனி ஐந்தாம் நாள் வலி மருத்துவர் வினோலியாவிடம் கேட்டாள். வினோலியாவுக்கு நாசரேத் பக்கம். யார் கேட்டாலும் உட்கார்ந்து பதில் சொல்லும் பழக்கம் உள்ளவர்.

“அந்தக் கஷாயத்துல என்ன இருக்கு டாக்டரம்மா?”

“ஒண்ணுமே இல்ல கனியம்மா. அது தண்ணிகூட இல்ல, வெறும் படம். வலியைத் தணிக்கிற சரக்கு அவங்க உடம்புக்குள்ளயே இருக்கு. அது திறக்கணும்னா இப்போ வலி குறையப்போவுதுன்னு உடம்பு நம்பணும். அந்த நம்பிக்கை வர்ற நொடியைப் பட்டை பிடிச்சுப் பெருசாக்கிடும்.”

“நம்பலேன்னா?”

“பட்டை சும்மா தலையில இருக்கும்.”

பிறகு அவரே இன்னொன்றும் சொன்னார். வலி எவ்வளவு தணிகிறது என்று பட்டையிலுள்ள அளவி பத்துக்கு மதிப்பெண் போடும். தீவில் எங்கோ கிடக்கிற பெட்டியிலிருந்து எடுத்துக் குடித்த கஷாயத்துக்குப் பத்துக்கு இரண்டு மதிப்பெண்தான் வருகிறது. நோயாளியே காய்ச்சினால் மூன்று. வினோலியா போய்க் காய்ச்சிக் கொடுத்தபோது நான்கு. தெரிந்தவர்கள், தொழில் தெரிந்தவர்கள், கண்ணெதிரே காய்ச்சினால் ஏழுக்கு மேல் போகும் என்று படித்திருக்கிறார். ஆனால் இந்த வார்டில் அப்படி யாரும் அமையவில்லை. நாகஜோதி சண்முகக்கனியைத்தான் கேட்டுக்கொண்டே இருக்கிறாள். வலது கை நன்றாகத்தானே இருக்கிறது, ஒரு நாள் முயன்று பார்க்கலாமா என்று கேட்டார்.

சண்முகக்கனி அக்டோபர் 9 அன்று முதல்முறை புதுக்கரையில் இறங்கினாள். கட்டுப் பிரிக்கும் அறைக்கு அடுத்த அறையில் அவளை உட்கார வைத்தார்கள். நாகஜோதியின் குரல் காதில் கேட்டது. தீவில் அவள் ஒரு கல்லின் மேல், முதுகில் காயமில்லாமல் உட்கார்ந்திருந்தாள்.

“வந்துட்டீங்களா யத்தே” என்றாள். சொந்தமில்லை. ஆலையில் இளவட்டப் பெண்கள் எல்லாருமே சண்முகக்கனியை அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

சண்முகக்கனி பேசவில்லை. கலக்கும்போது பேசக் கூடாது என்பது கலவை அறையின் முதல் பாடம். மேடையைத் துடைத்தாள். ஒரு கை அளவு தண்ணீர், அதில் பாசி, நிறம் மாறும்வரை காத்திருப்பு, பிறகு இறகுத் தூளைத் தூவல். மூன்று குப்பி வந்தது. ஒன்றை நாகஜோதி கையில் கொடுத்தாள். மீதி இரண்டையும் அங்கேயே மண்ணில் கொட்டினாள். பாத்திரத்தைக் கழுவிக் கவிழ்த்தாள்.

அன்று அளவி எட்டரை காட்டியது. ஒன்றே கால் மணி நேரத்தில் நாகஜோதி நான்கு முறை முனகினாள், அவ்வளவுதான். கட்டுப் பிரித்த நர்ஸ் வெளியே வந்து சுவரில் சாய்ந்து அழுதாள்.

மூன்று நாளில் வார்டில் எல்லாருக்கும் சண்முகக்கனிதான் காய்ச்சினாள். அதிலே பாதிப்பேர் பட்டாசுக்காரர்கள். திருமங்கலத்தில் பட்டாசுக்கடை எரிந்து வந்த அய்யாச்சாமி தீவில் ஒரு பெட்டிக்கடை கட்டி, ஆட்டுக்குப் பேர் வைத்து, வருகிறவர் போகிறவரைக் கடன் கேட்கச் சொல்லிச் சிரிக்க வைக்கிற ஆள். “கனியக்கா, எனக்குள்ளதுல மட்டும் ஒரு கட்டிங் சேத்து ஊத்து” என்பார். அவருக்கு ஏழு வந்தது.

ஒரு வாரம் கழித்து வினோலியா ஒரு வரைபடத்தைக் கொண்டுவந்து காட்டினார். நாகஜோதியின் கோடு கஷாயத்தைக் குடிக்கும்போது ஏறவில்லை. அதற்குப் பதினைந்து நொடி முன்பே, சண்முகக்கனி மிச்சத்தைக் கொட்டும் இடத்தில் செங்குத்தாக ஏறியிருந்தது. அய்யாச்சாமிக்கும் அப்படியே.

“அடுத்த ஆளுக்கு ஆகுமே, ஏன் கொட்டுறீங்கன்னு கேக்கணும்னு நெனச்சேன். இப்போ கேக்க மாட்டேன். கொட்டுங்க. அதுலதான் எல்லாமே இருக்கு.”

சண்முகக்கனி படத்தையே பார்த்தாள். “மிச்சம் வைக்கக் கூடாது டாக்டரம்மா. கலந்த சரக்கை அன்னன்னைக்கே தீத்திரணும். ராத்தங்கக் கூடாது. எங்க ஆளுக யாரைக் கேட்டாலும் சொல்லுவாக.”

சொல்லிவிட்டு வரைபடத்தை அவரிடமே திருப்பிக் கொடுத்தாள்.

அக்டோபர் 3ஆம் தேதி பிற்பகல் இரண்டு மணிக்கு அவள் வேலை முடிந்திருந்தது. போர்மேன் வந்து, வடக்கே போகிற கடைசி லாரிக்கு இன்னும் ஒரு தட்டுக் கலவை வேண்டும் என்றார். மேகம் இறங்கியிருந்தது, ஈரக் காற்றில் கலக்கக் கூடாது என்று அவள் சொன்னாள். சொன்னாளே தவிரக் கலந்தாள். அடைக்கிற பெண்கள் முக்கால் தட்டோடு நிறுத்திவிட்டார்கள். மழை பிடித்துக்கொண்டது. மிச்சத்தைக் கொட்டலாமா என்று கேட்டதற்கு, விடிந்ததும் முதல் வேலையாக அடைத்துவிடலாம், மூடி வை என்று போர்மேன் சொல்லிவிட்டுப் போனார்.

அவள் பயந்தாள். பயந்ததால்தான் சாக்கை வாளியில் நனைத்துப் பிழிந்து தட்டின் மேல் போர்த்தினாள். அவள் தொழில் பழகிய நாளில் கரிக் கலவை. ஈரம் பட்டால் அது சாதுவாகிவிடும். ஈரச்சாக்குப் போட்ட தட்டை எதிரே வைத்துக்கொண்டு சோறு தின்றிருக்கிறார்கள். ஆனால் ஒன்பதாம் எண் அறையில் இருந்தது அலுமினியக் கலவை. அது ஈரத்தைக் குடித்தால் உள்ளுக்குள்ளே சூடேறும். ஆலைப் பயிற்சியில் இதைப் படம் போட்டுச் சொல்லித்தான் தந்தார்கள். இருபத்தொரு வருடத்துக் கை, படத்தைப் பார்த்து மாறவில்லை. அந்தத் தட்டு இரவெல்லாம் புழுங்கியிருக்கிறது. காலையில் பேச்சிமுத்து அதைத் தூக்கினான்.

மருத்துவமனைக்கு வந்த மறுநாளே விசாரணைக்கு ஆள் வந்தது. கட்டிலருகே நின்று கேட்டதற்கு, இரண்டு மணிக்கு மிச்சத்தையெல்லாம் கொட்டிவிட்டு வீட்டுக்குப் போனதாகச் சண்முகக்கனி சொன்னாள். அவர்கள் எழுதினார்கள். வலது கையால் கையெழுத்துப் போட்டாள். கலவையை மிச்சம் வைத்தவன் பேச்சிமுத்து என்று போர்மேன் எழுதிக் கொடுத்திருந்தது அவளுக்கு அப்புறம்தான் தெரிந்தது.

நாகஜோதிக்கும் அது தெரிந்தது. அதற்குப் பிறகு ஒவ்வொரு நாளும் கட்டுப் பிரிக்கும்போது, கஷாயம் குடித்த மயக்கத்திலும், அவள் புருஷனைத் திட்டுவாள். “நாசமாப் போறவன், மிச்சத்தை வச்சிட்டு அவன் போய்ச் சேந்துட்டான். நான் கெடந்து வேகுறேன்” என்பாள். அடுத்த அறையில் கண்ணாடிக்குள் இருந்த சண்முகக்கனி பாத்திரத்தைக் கழுவிக் கவிழ்ப்பாள்.

அக்டோபர் 20, பேச்சிமுத்துவின் அப்பா வந்தார். தொற்று வரும் என்று மருமகளைப் பார்க்க விடவில்லை. பிளாஸ்கோடு வராந்தாவில் நின்றார். முந்தின நாள் பதினாறாம் நாள் காரியம். பந்தலில் இவரும் இவர் பெண்சாதியும் பூசாரியும் மட்டும்தான். செத்த மற்ற மூன்று பேர் வீடும் ஒரே தெரு. ஒருவரும் எட்டிப் பார்க்கவில்லையாம். ஒரு வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டார்களாம்.

“இம்புட்டு வருசம் கலக்குனவ நீ” என்றார். “எம்மவன் அப்பிடி வச்சிட்டுப் போற பயலா? நீ சொல்லு. நீ சொன்னா நான் ஒத்துக்கிடுதேன்.”

“எனக்குத் தெரியலண்ணே” என்றாள் சண்முகக்கனி.

அவர் பிளாஸ்கை அவளிடம் கொடுத்துவிட்டுப் போனார். உள்ளே பருத்திப்பால் இருந்தது. நாகஜோதிக்குப் பிடிக்கும் என்று கொண்டுவந்திருந்தார்.

அன்று மாலையே அவள் வினோலியாவின் அறைக்குப் போனாள். சுற்றி வளைத்தாள். ஒரு நோயாளிக்குக் காய்ச்சுகிறவள் மேல் நம்பிக்கை போய்விட்டால் என்ன ஆகும் என்று கேட்டாள். எண் விழும், அவ்வளவுதான் என்றார் வினோலியா. அப்போது ஊசி போடுவீர்கள்தானே என்றாள். வினோலியா எழுந்து கதவைச் சாத்தினார்.

“தொடர்ந்து மூணு நாள் ஏழுக்கு மேல வந்த நோயாளி பேரு தானாவே பட்டை வரிசைக்குப் போயிரும். போனா ஊசி கெடையாது. மருந்தறைப் பெட்டி எனக்கே திறக்காது.”

“திரும்ப ஊசி வரிசைக்கு வரணும்னா?”

“மூணு நாள் மூணுக்குக் கீழ வரணும்.”

“கீழ வரணும்னா…”

“மூணு நாள் அவ ஒண்ணேகால் மணி நேரம் அலறணும் கனியம்மா. பட்டை அதை எழுதிக்கணும். அப்புறம் குழு கூடிப் பேசும். ஏன் கேக்குறீங்க?” என்றார்.

“எனக்கு ஏதாச்சும் ஆயிட்டா என்ன செய்வாகன்னு கேட்டேன்.”

பட்டை எழுதுகிற எண்ணை யாராவது மாற்ற முடியுமா என்றும் கேட்டாள். முடியாது, அது நேரே தலைமை அலுவலகத்துக்குப் போகிறது என்றார் வினோலியா. இந்த வரிசையை வகுத்த குழுவில் தானும் இருந்ததாகவும், ஊசிக்கு அடிமையாகிப் போனவர்களைப் பார்த்துப் பார்த்துத்தான் கையெழுத்துப் போட்டதாகவும் சொன்னார். யாரும் கேட்காமலே சொன்னார்.

வாக்குமூலம் கொடுக்கக் கடைசி நாள் நவம்பர் 9 என்று ஆலை வாசலில் ஒட்டியிருந்தார்கள். நாகஜோதிக்குத் தோல் ஒட்டுகிற வேலை முடிந்து கட்டுகள் நிற்க நவம்பர் பாதியாகும். சண்முகக்கனி நாட்களை எண்ணிப் பார்த்து ஒரு வழி கண்டுபிடித்தாள். தனக்குப் பதில் வேறொருவரை நாகஜோதி நம்பப் பழகிவிட்டால் போதும். நம்பினபிறகு தான் போய் உண்மையைச் சொல்லிவிடலாம். அவள் தன்னை வெறுத்தாலும் வலி வராது.

அய்யாச்சாமியைப் பிடித்தாள். அவர் காயம் ஆறிக்கொண்டிருந்தது. நான்கு நாள் தீவிலேயே உட்கார வைத்துக் காய்ச்சக் கற்றுக் கொடுத்தாள். தண்ணீர் அளவு, பாசி போடும் பதம், பேசாமல் இருப்பது. பேசாமல் இருப்பதுதான் அவருக்கு வரவில்லை. “ஒரு ஆட்டுக்காவது குட்மார்னிங் சொல்லிக்கிடுறேனே யக்கா” என்பார். கடைசியில் வந்துவிட்டது. மிச்சத்தைக் கொட்டவும் செய்தார். அச்சாக அவளைப் போலவே செய்தார்.

அக்டோபர் 29 காலையில், கை வலிக்கிறது, இன்றைக்கு அய்யாச்சாமி அண்ணாச்சி காய்ச்சுவார் என்று சண்முகக்கனி சொல்லி அனுப்பினாள். வராந்தாவில் உட்கார்ந்திருந்தாள். ஒன்பது பத்துக்குச் சத்தம் தொடங்கியது. ஆலையில் அவள் பல சத்தம் கேட்டிருக்கிறாள். இது மனுஷச் சத்தம் மாதிரி இல்லை. ஒன்பது பதினைந்துக்கு அவள் ஓடிப் போய் அய்யாச்சாமியின் தலையிலிருந்து கண்ணாடியைப் பிடுங்கி மாட்டிக்கொண்டாள். தீவில் நாகஜோதி கல்லிலிருந்து கீழே விழுந்து கிடந்தாள். கட்டங்கள் எல்லாம் அணைந்திருந்தன. சண்முகக்கனி மேடையைத் துடைத்தாள். தண்ணீர், பாசி, காத்திருப்பு, தூள். அவசரப்பட்டால் கருகிவிடும். ஏழு நிமிடம் பிடித்தது. அந்த ஏழு நிமிடமும் கேட்டுக்கொண்டேதான் காய்ச்சினாள்.

அய்யாச்சாமி சுவரோரம் உட்கார்ந்திருந்தார். “நான் சரியாத்தான செஞ்சேன்” என்றார். பிறகு பல நாள் அவர் தீவுக்கு வரவில்லை. பெட்டிக்கடை சும்மா நின்றது.

அளவி அன்று ஒன்றரையில் தொடங்கி எட்டில் முடிந்தது. சராசரி ஆறு என்று எழுதிக்கொண்டது. பட்டை வரிசையிலிருந்து விழ அது போதாது.

நவம்பர் 9 வெள்ளிக்கிழமை சண்முகக்கனி எட்டு மணிக்குக் குளித்துச் சேலை மாற்றிப் பையை எடுத்து வைத்தாள். சாத்தூருக்கு எட்டரைக்கு ஒரு பஸ், பதினொன்றுக்கு ஒன்று. ஒன்பது மணிக்கு நர்ஸ் வந்து கூப்பிட்டாள். தோல் ஒட்டிய இடத்தில் முதல்முறை கட்டுப் பிரிக்கிற நாள். அவள் போய்க் காய்ச்சிக் கொடுத்தாள். பதினொரு மணி பஸ்ஸைப் பிடித்திருக்கலாம். ஆனால் சொன்னது எப்படியும் சாயங்காலத்துக்குள் வார்டுக்கு வந்துவிடும். மறுநாளும் ஒன்பது மணி உண்டு. அவள் பையைக் கட்டிலுக்கு அடியில் தள்ளினாள்.

கடைசிக் கட்டு நவம்பர் 18. மொத்தம் நாற்பத்தோரு நாள். மறுநாள் திங்கட்கிழமை, நாகஜோதியைச் சன்னலோரக் கட்டிலுக்கு மாற்றினார்கள். தலைப்பட்டையைக் கழற்றிக் கொண்டுபோய்விட்டார்கள். நெற்றியில் அது இருந்த இடம் வெளிறிப்போயிருந்தது. சண்முகக்கனி ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். எப்படித் தொடங்குவது என்று நாற்பது நாளாக யோசித்து வைத்திருந்ததெல்லாம் மறந்துபோயிற்று.

“ஜோதி, அந்த மிச்சத்தை வச்சது பேச்சிமுத்து இல்ல.”

நாகஜோதி சன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“நான்தான் வச்சேன். சாக்கை நனைச்சு மூடினதும் நான்தான்.”

“தெரியும்” என்றாள் நாகஜோதி.

கீழே தெருவில் ஒரு லாரி பின்னால் வருகிற ஒலி கேட்டது.

“அன்னைக்குத் தூக்குவாளியை மறந்துட்டேன்னு திரும்பி வந்தேன். நீங்க வாளிகிட்ட குனிஞ்சு சாக்கைப் பிழிஞ்சுக்கிட்டிருந்தீங்க. மழைச் சத்தத்துல உங்களுக்குக் கேக்கல. யத்தே நனைச்சு மூடுறாங்க, இனிமே பயமில்லன்னு நெனச்சுக்கிட்டுப் போயிட்டேன்.”

“ஏந்தாயி, தெரிஞ்சுமா எங்கிட்ட…”

“காலையில அவரு தட்டைத் தொடமாட்டேன்னாரு. ராத்தங்குன சரக்கு, போர்மேன் வரட்டும்னாரு. நான்தான், ‘யத்தே நனைச்சுத்தான் வச்சிருக்காங்க, எடுங்க’ன்னேன். கோழைன்னு சொல்லிச் சிரிச்சேன்.”

சண்முகக்கனிக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியபோது ஸ்டூலின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

“அவரைத் தினமும் அந்தத் திட்டுத் திட்டினயே.”

“உங்களுக்குக் கேக்கட்டும்னுதான் திட்டினேன். எனக்குத் தெரியும்னு தெரிஞ்சா உங்க கை நடுங்கும். நடுங்கினா கருகிரும். எனக்கு ஊசி கெடையாதுன்னு சொல்லிட்டாங்க. உங்களை விட்டா யாரு இருந்தா?”

நம்பினால்தான் பட்டை வேலை செய்யும் என்று டாக்டர் சொன்னதைச் சண்முகக்கனி தட்டுத் தடுமாறிச் சொன்னாள். கொன்றவள் என்று தெரிந்த ஒருத்தியின் கையை எப்படி நம்பினாய் என்று அவளால் கேட்க முடியவில்லை. நாகஜோதி அதையும் புரிந்துகொண்டாள்.

“மிச்சத்தைக் கொட்டுவீங்கள்ல, அப்போ உங்களைப் பாத்துக்கிட்டே இருப்பேன். நீங்க ஒன்பதாம் நம்பரை நெனச்சுக்கிட்டுத்தான் கொட்டுறீங்க. அண்ணாச்சி கொட்டினதுல அது இல்ல. ஒருதடவை எரிச்சவ கை மறுபடி தப்பு பண்ணாது. அதை நம்பினேன். உங்களை நம்பல.”

நர்ஸ் வந்து காய்ச்சல் பார்த்துவிட்டுப் போனாள். முப்பத்தேழு என்று எழுதினாள்.

“நான் போய்ச் சொல்லிர்றேன் ஜோதி. அந்த மனுசன் பேரு கெட்டுக் கெடக்கு. உன் மாமனார் வந்து நின்னு எங்கிட்ட கேட்டாரு.”

“சொல்லுங்க.”

“நீயும் வந்து, என்னைப் பாத்தேன்னு ஒரு வார்த்தை…”

“பாத்தேன்னு சொன்னா, பாத்துட்டு என்ன செஞ்சேன்னு கேப்பாங்க. என் மாமியார் வீட்டுல கேப்பாங்க. நான் அந்த வீட்டுக்குத்தான போகணும்.” நாகஜோதி கண்ணை மூடிக்கொண்டாள். “நீங்க போங்க யத்தே. நான் வரல. இனிமே என்னைப் பாக்கவும் வராதீங்க.”

சண்முகக்கனி 21ஆம் தேதி சாத்தூர் போனாள். விசாரணை அலுவலர் மரியாதையாகத்தான் நடத்தினார். உட்காரச் சொல்லி, டீ வரவழைத்தார். கெடு முடிந்துவிட்டதே அம்மா என்றார். அவள் எழுதிக் கொண்டுவந்ததை வாங்கி இரண்டு முறை படித்தார். பழைய வாக்குமூலத்தை எடுத்துப் பக்கத்தில் வைத்தார். இரண்டிலும் ஒரே கையெழுத்து, இரண்டிலும் வேறு கதை. எதை நம்புவது என்று கேட்டார். போர்மேனைக் கேளுங்கள் என்றாள். கேட்டாயிற்று, அவர் சொன்னது முதல் கையெழுத்தோடுதான் பொருந்துகிறது என்றார். பார்த்தவர்கள் யாராவது உண்டா என்று கேட்டார்.

இல்லை என்றாள் சண்முகக்கனி.

இறந்துபோன பையன் உங்களுக்குச் சொந்தமா என்று கேட்டார். ஆமென்றாலும் இல்லையென்றாலும் அவர் நினைப்பதுதான் நினைப்பு என்று அவளுக்குப் பட்டது. அவள் டீயைக் குடிக்காமல் எழுந்தாள். மனுவை வாங்கிக்கொண்டதற்குச் சீட்டு ஒன்று கொடுத்தார்கள்.

விசாரணை அறிக்கை டிசம்பர் 14 அன்று வெளியானது. கலந்த சரக்கை விதியை மீறி மிச்சம் வைத்தவர் இறந்த தொழிலாளி பேச்சிமுத்து என்று அதில் இருந்தது. சண்முகக்கனியின் இரண்டாவது வாக்குமூலம் பின்னிணைப்பில், ஆதாரமற்றது என்ற குறிப்போடு சேர்க்கப்பட்டிருந்தது.

அதே மாதம் மருத்துவமனை நிர்வாகம் ஒரு சுற்றறிக்கை அனுப்பியது. நாற்பத்தாறு பங்குத் தீக்காயமுள்ள ஒரு நோயாளி நாற்பத்தோரு நாள் ஊசியில்லாமல் கட்டுப் பிரிப்பைத் தாங்கியதைச் சான்றாகக் காட்டி, குழந்தைகள் தீக்காயப் பிரிவுக்கும் மார்ஃபின் வாங்குவது ஜனவரி 1 முதல் நிறுத்தப்பட்டது. ஜனவரி 2 அன்று சண்முகக்கனி அந்தப் பிரிவில் கஷாயம் காய்ச்சுகிற வேலைக்குச் சேர்ந்தாள்.